எட்டாம் பின் தொடர்பாக ஒரு விண்ணப்பம்

அனுப்புநர்:
டெஸ்க்டாப்பைப் பாகம் பாகமாக வாங்கித் தன் கையாலேயே பூட்டிக்கொள்ளும் பொதுஜனத்தில் ஒருவர்

பெறுநர்:
இன்டெல் நிறுவனத்தார்,
சாண்டா கிளாரா, கலிஃபோர்னியா.

பொருள்: கேபினெட்டின் முன்பக்க ஆடியோ கேபிளை மதர்போர்டில் செருகும் பணி – பொதுமக்களிடம் ஊதியமின்றி ஒப்படைக்கப்பட்டது – விளக்கம் கோருதல் – தொடர்பாக.

பார்வை: முன்பக்க இணைப்புகளுக்கான தங்கள் வடிவமைப்பு வழிகாட்டி, 2005-ஆம் ஆண்டுப் பதிப்பு.

ஐயன்மீர்,

நானோமீட்டர் கணக்குகளில் மூழ்கியிருக்கும் தங்களிடம் இரண்டரை மில்லிமீட்டர் இடைவெளியில் நிற்கும் ஒன்பது பின்களைப் பற்றி முறையிடுவது அதிகப்பிரசங்கித்தனமாகப் படலாம். ஆனால் விஷயம் தங்கள் பெயரில்தான் பதிவாகியிருக்கிறது. கடையில் ஒரு கேபினெட் வாங்கினால் அதன் முகப்பில் பெரும்பாலும் ஹெட்ஃபோனுக்கு ஒன்று, மைக்குக்கு ஒன்று என இரண்டு ஜாக் இருக்கும். அங்கிருந்து மெல்லிய கேபிள் ஒன்று உள்ளே வந்து, நுனியில் இரண்டு வரிசையாகப் பத்துத் துளை கொண்ட கறுப்பு பிளக்குடன் தொங்கும். பத்தில் ஒரு துளை அடைத்திருக்கும். மதர்போர்டின் மூலையில் ஐந்து ஐந்தாக நிற்கும் பின்களில் (இந்தப் பின் வரிசைக்கு ஹெடர் என்று பெயர்) எட்டாவது மட்டும் இருக்காது. இல்லாத பின்னுக்கு நேரே அடைத்த துளை வரும்படி வைத்து அழுத்தினால் வேலை முடிந்தது. தாளில் வரைந்து பார்த்தால் இதைவிட எளிய ஏற்பாடு கிடையாது. அந்தத் தாளுக்கும், தரையில் சம்மணமிட்டு, டார்ச் லைட்டை வாயில் கவ்விக்கொண்டு, இரண்டு விரல் மட்டுமே நுழையும் இடுக்கில் பிளக்கைத் திருப்பித் திருப்பி வைத்துப் பார்ப்பவருக்கும் நடுவே இருக்கும் தூரத்தைப் பற்றியது இந்த விண்ணப்பம்.

மதர்போர்டு செய்பவர் ஒருவர், கேபினெட் செய்பவர் வேறொருவர். இருவரும் ஒருவரையொருவர் பார்த்தது கிடையாது. தரநிர்ணயம் என்பது இந்த இரு வீட்டாருக்கும் நடுவே பேசி முடிக்கும் கல்யாணத் தரகர். தாங்கள் தரகு வேலையைச் செம்மையாகவே செய்தீர்கள்: எந்தப் பின்னில் எந்தச் சிக்னல் என்று எழுதிக் கொடுத்து இரு வீட்டாரிடமும் சம்மதம் வாங்கினீர்கள். ஆனால் பின்னுக்கு அருகே என்ன பெயர் அச்சிடுவது, பிளக்குக்கு என்ன நிறம், தவறான பிளக்கை எப்படி முழுமையாகத் தடுப்பது என்பதெல்லாம் எல்லோருக்கும் பொதுவாக முடிவாகவில்லை. அவை அனைத்தும், அழைப்பிதழில் பெயர்கூட இல்லாத மூன்றாமவர் தலையில் விழுந்தன. என் வாதம் இவ்வளவுதான்: இந்த ஒன்பது பின்களைச் சுற்றியுள்ள தொந்தரவுகளில் மின்னியலின் கட்டாயத்தால் வந்தவை மிகக் குறைவு; பேச்சுவார்த்தை மேஜையில் பூட்டுகிறவருக்கு நாற்காலி போடாததால் வந்தவையே மீதி. இதற்குச் சான்றுகளைத் தங்கள் ஆவணங்களிலிருந்தே எடுத்துத் தர முடியும்.

முதலில் 1997. ஏசி 97 என்ற ஆடியோ ஏற்பாட்டைத் தாங்கள் வெளியிட்ட ஆண்டு. தனியாக ஒரு சவுண்ட் கார்டு வாங்க வழியில்லாதவர் வீட்டிலும் கணினி பேசியது, பாடியது. அதற்கு நன்றி சொல்லாமல் குறை மட்டும் சொல்வது நியாயமாகாது. ஆனால் அந்த ஏற்பாட்டில் முன்பக்க இணைப்பு வேலை செய்த விதம் கவனிக்கத்தக்கது. ஒலி 5-ஆம் பின், 9-ஆம் பின் வழியே கேபினெட்டின் முகப்புக்குப் போகும். அங்கே ஜாக்குக்குள் இருக்கும் சின்ன ஸ்விட்சைக் கடந்து 6, 10 வழியே மதர்போர்டுக்குத் திரும்பி, அதன்பிறகே பின்பக்க ஸ்பீக்கருக்குச் சேரும். ஹெட்ஃபோனைச் செருகினால் ஸ்விட்ச் திறந்துகொள்ளும், ஸ்பீக்கர் வாயடைக்கும். யோசித்துப் பார்த்தால் அழகான தந்திரம்தான்: ஒரு வரி மென்பொருள் இல்லாமல் காரியம் நடக்கிறது. சரி, முகப்பில் ஜாக்கே இல்லாத கேபினெட்டாக இருந்தால்? போன ஒலி திரும்பி வராது. அதற்காக 5-ஐயும் 6-ஐயும், 9-ஐயும் 10-ஐயும் இணைக்க இரண்டு ஜம்பர் மூடிகளைப் போர்டிலேயே மாட்டி அனுப்பினார்கள். அரிசிமணியைவிடச் சற்றே பெரிய அந்த இரண்டு பிளாஸ்டிக் துண்டுகளில் ஒன்று கட்டிலுக்கடியில் உருண்டுபோனால் ஸ்பீக்கரில் ஒரு பக்கம் செத்துவிடும். பூட்டியவர் ஸ்பீக்கரைச் சந்தேகிப்பார், டிரைவரைச் சந்தேகிப்பார், விண்டோஸை மறுபடி ஏற்றுவார். முன்பக்கத்தில் இல்லாத ஒரு வசதிக்காகப் பின்பக்க ஒலி நின்றுபோகும் என்பது எந்த மனிதருக்கும் தானாகத் தோன்றக்கூடிய விஷயமா?

அடுத்தது 2004. எச்டி ஆடியோ. இங்கேதான் எட்டாம் பின் விவகாரம் சூடுபிடிக்கிறது. புதிய ஏற்பாடு எல்லா வகையிலும் மேலானது. 192 கிலோஹெர்ட்ஸ், 32 பிட் என்று காதுக்கே எட்டாத உயரங்கள் வரை போகக்கூடியது. எந்த ஜாக்கில் செருகப்பட்டிருக்கிறது என்பதை 39.2, 20, 10, 5.1 கிலோஓம் என்ற நான்கு மின்தடைகளின் கலவையை வைத்து ஒரே கம்பியில் கண்டுபிடிக்கும் அதன் உத்தியை எந்தப் பொறியாளரும் மெச்சுவார். ஒலி இனி முகப்புவரை போய்த் திரும்ப வேண்டியதில்லை. ஜம்பர் மூடிக்கும் விடுதலை. ஒலி திரும்பிவந்த 6-ஆம் பின்னும் 10-ஆம் பின்னும் இப்போது ‘யாரோ செருகியிருக்கிறார்கள்’ என்ற செய்தியைக் கொண்டுவரும் பின்களாயின. மைக்குக்கு மின்சாரம் தந்த 3-ஆம் பின் மைக்கின் வலது சேனலாயிற்று. சிக்னல்களில் பாதிக்கு மேல் பொருள் மாறிவிட்டது. பிளக்கின் வடிவம்? அதே பத்து. இல்லாத பின்? அதே எட்டு.

இதன் பொருள் என்னவென்று தங்களுக்கு விளக்கத் தேவையில்லை, ஆனாலும் கோப்பில் ஏறட்டும். ஒரு பின்னை எடுத்துவிட்டு அதற்கு நேரான துளையை அடைப்பது, தவறான பிளக் உள்ளே போகாமல் தடுக்கத்தான். அந்த வேலையை எட்டாம் பின் ஓரளவு செய்கிறது: யுஎஸ்பி 2 ஹெடரில் ஓரத்துப் பின் இல்லை, ஆடியோவில் ஓரத்திலிருந்து இரண்டாவது இல்லை, ஆகவே ஒன்றின் பிளக் மற்றதில் ஏறாது. பெயரிலேயே வேறான இரண்டைப் பிரித்துவைக்க ஏற்பாடு இருக்கிறது. ஒரே பெயரில், ஒரே மூலையில், குழம்புவதற்கென்றே அமைந்த ஏசி 97-க்கும் எச்டி-க்கும் நடுவே எந்தத் தடையும் இல்லை. பழைய பிளக் புதிய ஹெடரில் வெண்ணெய்போல இறங்கும். இறங்கியபின் ஹெட்ஃபோனைச் செருகினால் போர்டுக்குச் செய்தி சரியாகப் போகாது. புதிய பிளக்கைப் பழைய போர்டில் மாட்டினாலோ, ஒலி திரும்பி வரும் வழி அடைந்துபோய்ப் பின்பக்க ஸ்பீக்கர் ஊமையாகும். தங்கள் வழிகாட்டியே இரண்டுக்கும் தனித்தனிப் பின் பட்டியல் தருகிறது. அதாவது இரண்டும் வேறு என்பது தங்களுக்குத் தெரியும். தெரியாதது பிளக்குக்கு மட்டும்தான்.

அதன் விளைவை வருடக்கணக்கில் கேபினெட்டுகளுக்குள் பார்க்கலாம். ஒரே கேபிளின் நுனியில் இரண்டு பிளக்: ஒன்றில் ‘எச்டி ஆடியோ’, மற்றதில் ‘ஏசி 97’. ஒன்றை மாட்டிவிட்டு மற்றதை அனாதையாகத் தொங்கவிட வேண்டும். எது மாட்ட வேண்டியது, எது தொங்க வேண்டியது என்ற தீர்ப்பு, 1997-க்கும் 2004-க்கும் நடுவே ஆடியோ உலகில் என்ன நடந்தது என்று படிக்காதவர் கையில். இரண்டையும் எங்காவது மாட்டித்தான் ஆக வேண்டும் என்று நினைத்து இன்னொரு ஹெடரைத் தேடி அலைபவர்கள் மேல் எனக்குத் துளியும் சிரிப்பு வருவதில்லை. கையில் இரண்டு பிளக் கொடுத்தால் இரண்டு இடம் தேடுவதுதான் புத்தியுள்ளவர் செய்யும் காரியம். தவறாக மாட்டியவருக்குப் பரிகாரமும் ஏற்பாடாயிற்று. பல போர்டுகளின் பயாஸில் ‘முன்பக்க வகை: எச்டி அல்லது ஏசி 97’ என்ற கேள்வி முளைத்தது. ஆடியோ சிப் செய்யும் ரியல்டெக்கின் டிரைவரில், முன்பக்க ஜாக்கைக் கண்டறியும் வேலையை நிறுத்து என்று ஒரு கட்டம் வந்தது. நான்கு மின்தடைகளை வைத்து அத்தனை நுட்பமாகக் கட்டிய கண்டறியும் ஏற்பாட்டை, ஒரு டிக் போட்டு அணைப்பதுதான் தீர்வு! அதைவிட வேடிக்கை, எச்டி வகை ஜாக் வந்திருக்கிறது என்று போர்டுக்குச் சொல்லவே 4-ஆம் பின் ஒதுக்கப்பட்டிருக்கிறது என்பது. போர்டுக்குப் பதில் வந்துசேரும் வழி இருக்கும்போதும் கேள்வி மனிதரிடமே கேட்கப்பட்டது.

பழைய கேபினெட் வைத்திருப்பவரைக் கைவிடக் கூடாதே, அதனால்தான் வடிவத்தை மாற்றவில்லை என்று தாங்கள் சொல்லலாம். இது வலுவான ஆட்சேபம். அலட்சியமாகத் தள்ளிவிட முடியாது. கேபினெட் பத்துப் பதினைந்து வருடம் உழைக்கும் பொருள். போர்டு மாற்றும்போதெல்லாம் அதையும் தூக்கிப் போடச் சொல்வது அக்கிரமம். ஆனால் பொருந்துவது வேறு, வேலை செய்வது வேறு. பிளக் பொருந்தி, ஒலி அரைகுறையாக வந்து, காரணம் தெரியாமல் ஒரு ஞாயிற்றுக்கிழமை போவதைவிட, பிளக்கே பொருந்தாமல் ஐம்பது ரூபாய்க்கு ஒரு மாற்றி வாங்குவது நிம்மதி. பொருந்தாத பிளக் குறையை வாய்விட்டுச் சொல்லிவிடுகிறது. பொருந்திய பிளக்கோ குறையை மறைத்துவைத்துப் பழியைப் பூட்டியவர்மேல் போடுகிறது. பழையதை ஏற்பது உண்மையிலேயே நோக்கமாக இருந்திருந்தால், 4-ஆம் பின்னைப் பார்த்துப் போர்டே தன்னை மாற்றிக்கொள்வதைக் கட்டாயமாக்கியிருக்கலாம். அப்படிச் செய்யாமல் வடிவத்தை மட்டும் காப்பாற்றியதில் மிச்சமானது தொழிற்சாலைகளின் பழைய அச்சு.

நிறம் பற்றிப் பேசுவோம். கணினியின் முதுகில் மைக் ஜாக் இளஞ்சிவப்பு, ஸ்பீக்கர் ஜாக் எலுமிச்சைப் பச்சை, வெளியிலிருந்து ஒலி உள்ளே வரும் ஜாக் வெளிர்நீலம். கடைக்கோடி ஊரில் எழுத்தறியாத பாட்டிகூடப் பச்சையில் பச்சையைச் செருகி விடுகிறார். இந்த நிறங்களைப் பழக்கத்துக்குக் கொண்டுவந்தது யார்? மைக்ரோசாஃப்டுடன் சேர்ந்து பிசி 99 வடிவமைப்பு வழிகாட்டியை எழுதிய தாங்கள்தான். ஆக, பூட்டுகிறவரைப் பற்றிச் சிந்திக்கத் தங்களுக்குத் தெரியாது என்று சொல்ல வழியில்லை. பெட்டிக்கு வெளியே செருகுபவரை வாடிக்கையாளர் என்று கண்டீர்கள். அவருக்கு நிறம் கொடுத்தீர்கள். பெட்டிக்கு உள்ளே செருகுபவரைத் தொழிற்சாலை ஊழியர் என்று எண்ணிவிட்டீர்கள். பயிற்சி பெற்றவருக்கு நிறம் எதற்கு? கணக்கு சரிதான். அந்த ஊழியர் சம்பளப் பட்டியலில் இல்லை என்பது மட்டும் விட்டுப்போயிற்று.

இடத்துக்கு வருவோம். திறந்த கேபினெட்டை எதிரே வைத்துப் பார்த்தால் ஆடியோ ஹெடர் போர்டின் கீழ் இடது மூலையில் இருக்கும். இன்றைய கேபினெட்டுகளில் முன் ஜாக்குகள் பெரும்பாலும் மேல் வலது மூலையில். ஒரு பெட்டிக்குள் இதைவிடத் தொலைவான இரண்டு புள்ளிகளைக் கண்டுபிடிப்பது கடினம். கேபிள் போர்டின் முதுகுப்புறமாகச் சுற்றி, மின்சாரம் தரும் எஸ்எம்பிஎஸ்ஸை மூடியிருக்கும் தகட்டின் ஒரு துளை வழியே மேலேறி, மூச்சைப் பிடித்துக்கொண்டு ஹெடரை எட்டும். சில சமயம் ஒரு விரற்கடை குறைவாக நின்றுவிடும். அனலாக் சிக்னல் ஆடியோ சிப்புக்கு அருகிலேயே இருக்க வேண்டும், போர்டின் குறுக்கே இழுத்தால் இரைச்சல் ஏறும் என்பது தங்கள் பக்க நியாயம். முழுக்க உண்மை. அதற்காகவே போர்டு செய்பவர்கள் ஆடியோ பகுதியைச் சுற்றிச் செம்புத் தகட்டையே கோடாக வெட்டித் தனித்தீவாக்குகிறார்கள். அந்தக் கோட்டின் ஓரம் விளக்குகூட எரியவிடுகிறார்கள். ஜப்பான் கெபாசிட்டர் என்று அட்டையில் அச்சடிக்கிறார்கள். போர்டுக்குள் சில சென்டிமீட்டர் பயணத்துக்கு இத்தனை காவல். ஹெடரைத் தாண்டியதும் அதே சிக்னல் அரை மீட்டர் கேபிளில், காற்றாடி ஒயர்களையும் கிராஃபிக்ஸ் கார்டின் மின்கேபிளையும் உரசிக்கொண்டு போகிறது. மவுஸை நகர்த்தினால் ஹெட்ஃபோனில் கிர்ரென்று கேட்கும் கணினிகளுக்குப் பஞ்சமில்லை. இரைச்சலைக் காரணம் காட்டி ஹெடரை மூலையில் வைத்தவர்கள், கேபினெட் கேபிளின் கவசம் பற்றியும் அதே அக்கறையோடு பேசியிருந்தால் இந்த ஆட்சேபத்துக்குத் தலைவணங்கியிருப்பேன். சமீப வருடங்களில் எல்லா இணைப்புகளையும் போர்டின் முதுகுப்புறம் திருப்பிவைத்த போர்டுகளும் கடைக்கு வந்துவிட்டன. ஆக, ஹெடர் எந்தப் பக்கம் நிற்க வேண்டும் என்பது இயற்கை விதித்த விதி அல்லவே.

பெயர் சமாச்சாரம் சுருக்கமானது. ஒரே ஒன்பது பின்னுக்கு அசூஸ் ‘ஏஏஎஃப்பி’ என்கிறது, கிகாபைட் ‘எஃப் ஆடியோ’ என்கிறது, எம்எஸ்ஐ ‘ஜே ஏயுடி 1’ என்கிறது, ஏஎஸ்ராக் ‘எச்டி ஆடியோ 1’ என்கிறது. நால்வரும் தைவான்காரர்கள். அந்த எழுத்துகளும் எறும்பு அளவில், பிளக் மாட்டியபின் மறைந்துபோகும் இடத்தில். கையேட்டில் எல்லாம் இருக்கிறதே என்பார்கள். இருக்கிறது, பெட்டிக்குள் வரும் கையேடு மெலிந்துகொண்டே போய், மிச்சத்தை இணையத்தில் பார்க்கச் சொல்கிறது. இணையம் பார்க்கும் கணினியைத்தான் ஐயா பூட்டிக்கொண்டிருக்கிறோம்.

இன்னோர் ஆட்சேபமும் கேட்கிறது: முன்பக்க ஜாக்கை இன்று யார் தொடுகிறார்கள்? புளூடூத் வந்தாயிற்று, யுஎஸ்பி ஹெட்செட் வந்தாயிற்று. அப்படியானால் எடுத்துவிடலாமே. எடுக்க மாட்டார்கள், ஜாக் இல்லாத கேபினெட்டை வாங்க ஆள் வராது என்பது விற்பவருக்குத் தெரியும். ஒரு வசதியை விற்கும்போது அது அவசியம், அதைச் சீர்செய்யச் சொன்னால் அது பழங்காலம் என்று இரண்டு வாயால் பேசுவது நியாயமில்லை. கணினி பூட்டுகிறவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள், மற்றவர் மடிக்கணினிக்குப் போய்விட்டார்கள் என்ற பேச்சும் இதே ரகம். சென்னை ரிச்சி தெருவிலும் தில்லி நேரு பிளேஸிலும் பெங்களூர் எஸ்.பி. சாலையிலும் கடைப் பையன்கள் பூட்டித் தரும் டெஸ்க்டாப்புகள் எந்தக் கணக்கில் வரும்? அவர்கள் கண்ணை மூடிக்கொண்டு மாட்டுவார்கள் என்பது உண்மை. பழக்கம் ஒரு குறையைக் கடக்க உதவும், அதைச் சரியாக்கி விடாது. அந்தப் பழக்கம் கைவரும்வரை வளைந்த பின்களுக்கான செலவு யார் தலையில் விழுந்தது என்றும் கேட்டுப் பார்க்கலாம்.

சந்தையே பார்த்துக்கொள்ளும் என்ற கடைசி நம்பிக்கையையும் தொட்டுவிட்டுப் போகிறேன். ஃபோன் சார்ஜர் விஷயத்தில் சந்தை பார்த்துக்கொள்ளட்டும் என்று காத்திருந்து, மேஜை இழுப்பறைகள் நிரம்பியதும், ஐரோப்பிய ஒன்றியம் சட்டம் போட்டு 2024 டிசம்பர் 28 முதல் எல்லோரையும் டைப்-சிக்கு இழுத்துவந்தது. வெளியே தெரியும் கேபிளுக்கு நாடாளுமன்றம் உண்டு. கேபினெட்டின் பக்கத் தகட்டை மூடித் திருகு முடுக்கியதும் கண்ணிலிருந்து மறையும் கேபிளுக்காக எந்த நாடாளுமன்றமும் கூடப்போவதில்லை. அதனால்தான் தங்களிடம் வருகிறேன். தாங்களோ டெஸ்க்டாப் மதர்போர்டு தொழிலிலிருந்து விலகப்போவதாக 2013-இலேயே அறிவித்துவிட்டீர்கள். வழிகாட்டியை எழுதியவர் கடையைக் கட்டிக்கொண்டு போய்விட்டார். வழிகாட்டி மட்டும் இன்னும் ஒவ்வொரு போர்டின் மூலையிலும் உயிரோடு இருக்கிறது. போர்டு செய்பவரைக் கேட்டால் தங்களைக் கைகாட்டுகிறார், கேபினெட் செய்பவரைக் கேட்டால் போர்டு செய்பவரைக் கைகாட்டுகிறார்.

ஆகவே தங்கள் சமூகத்தைப் பணிவுடன் கேட்டுக்கொள்வது: யுஎஸ்பி 3 இணைப்புக்குச் செய்ததைப் போல இந்தப் பின்களைச் சுற்றியும் ஒரு பிளாஸ்டிக் வேலி எழுப்பி, ஒரு பக்கத்தில் மட்டும் வெட்டு வைக்கும்படி வழிகாட்டியைத் திருத்த வேண்டும். ஏசி 97 பிளக்குக்கு முறைப்படி ஓய்வு கொடுத்து, பிரிவுபசார நாளையும் அறிவிக்க வேண்டும். ஒரு பெயர், ஒரு நிறம். எதுவாக இருந்தாலும் சம்மதம். கேபினெட் கேபிளுக்குக் குறைந்தபட்ச நீளமும் கவசமும் எழுத்தில் வர வேண்டும். இவற்றில் எதுவும் இயலாதென்றால், பூட்டுகிறவர்கள் அனைவரையும் 1997 முதல் முன்தேதியிட்டுத் தங்கள் அசெம்பிளி லைனின் கடைசி ஊழியர்களாகப் பணி வரன்முறை செய்து, நிலுவைக் கூலியையும் பி.எஃப். தொகையையும் எந்தக் கிளையில் வந்து வாங்கிக்கொள்ள வேண்டும் என்ற விவரத்தைத் தெரிவிக்குமாறு கேட்டுக்கொள்கிறேன். டார்ச் லைட் பேட்டரிக்கான படியைப் பின்னர் தனியே கோருவோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
பூட்டுகிறவர்

நகல்: ஏஏஎஃப்பி, எஃப் ஆடியோ, ஜே ஏயுடி 1, எச்டி ஆடியோ 1 ஆகியோருக்கு, தகவலுக்காக.